ஆறு செக்கன் அம்மா

அடையாள அட்டைப் படத்தைப் பெரிதாக்கிச் சுவரில் மாட்டிவிட்டோமே என்று எங்களோடு கோபமாக இருக்கும் என் அம்மாவுக்கு,

கோபம் இருக்கத்தான் செய்யும். அந்தப் படத்தை நீங்கள் ஒருநாளும் விரும்பியதில்லை. "கள்ளியைப் பிடிச்சு வச்ச மாதிரி இருக்கு" என்பீர்கள். செத்த வீட்டன்று வேறு படம் தேடி அலுமாரி முழுக்கக் கிண்டினோம். கிடைத்ததெல்லாம் மற்றவர்களின் கலியாண வீட்டுப் படங்கள், அவற்றில் யாரோ ஒருவரின் தோளுக்குப் பின்னால் உங்கள் அரை முகம். கமராக்காரன் வந்தால் குசினிக்குள் போய்விடுகிற ஆளை எங்கே என்று தேடுவது? இளமைக்காலத்து அல்பம் ஒன்று இருந்தது, அதுவும் நாங்கள் கொலன்னாவையில் வாடகைக்கு இருந்தபோது வெள்ளத்தில் நனைந்து பழுதாகிவிட்டது. பக்கத்தோடு பக்கம் ஒட்டிக்கொண்டு, பிரிக்கப் பிரிக்க முகங்கள் உரிந்து வந்ததை நீங்கள்தான் எனக்குக் காட்டினீர்கள். ஆகவே கள்ளிப் படந்தான் வாய்த்தது, மன்னியுங்கள்.

வெள்ளவத்தையில் எல்லாரும் சுகம். எங்கள் ஒழுங்கைக்கு எதிரே இன்னுமொரு மாடிக் கட்டடம் எழும்பிவிட்டது, குசினி யன்னலில் தெரிந்த துண்டுக் கடலும் போயிற்று. ரயில் சத்தம் மட்டும் முன்பு போலவே வருகிறது. உங்கள் கறிவேப்பிலை மரத்தை நான் கொன்றுவிட்டேன் என்று தம்பி ஊரெல்லாம் சொல்லித் திரிகிறான், நம்பாதீர்கள். அது தானாக வாடியது, பிறகு தானாகவே துளிர்த்தது. நான் தண்ணீர் விட்டதோடு சரி.

இதையெல்லாம் சொல்ல நான் எழுத உட்காரவில்லை. உங்களைக் கண்டேன், அம்மா. மாசி மாதம், பட்டப்பகலில், என் மேசையில். உங்களுக்கு அப்போது இருபது வயதிருக்கும். சிரித்துக்கொண்டு நின்றீர்கள்.

என் தொழில் என்னவென்று கடைசி வரை நீங்கள் யாருக்கும் சரியாகச் சொன்னதில்லை. "மற்றவையிட பழைய படங்களைத் தேடி எடுத்து விக்கிறவள்" என்று மேல்மாடி அக்காவிடம் சொன்னீர்களே, அவர் இன்றைக்கும் என்னைக் கண்டால் தன் கைப்பையை ஒருமுறை பார்க்கிறார். நான் விற்பதில்லை, அம்மா. யாராவது விவரணப் படம் எடுக்கும்போது பழைய காட்சிகள் தேவைப்படும். அந்தக் காட்சி எந்த நாட்டில், எந்தக் களஞ்சியத்தில், எந்தப் பெட்டியில் கிடக்கிறது என்று நான் தேடிக் கண்டுபிடிப்பேன். அது யாருக்குச் சொந்தம் என்று விசாரித்து, இத்தனை செக்கனை இன்ன படத்தில் போடலாம் என்று உரிமம் வாங்கிக் கொடுப்பேன். அவ்வளவுதான். ஐம்பது தடவை சொல்லியிருப்பேன். ஐம்பதாவது தடவையும் நீங்கள் அதே கேள்வியைத்தான் கேட்டீர்கள்.

"படத்தில நிக்கிற ஆக்களைக் கேட்டனீயோ?"

"அவையிட்டைக் கேக்கத் தேவையில்லை அம்மா. சொந்தக்காரர் கொம்பனிதான்."

"முகம் கொம்பனியிட முகமோ?"

எனக்கு எரிச்சல்தான் வந்தது. பிறகு இரத்மலானை விஷயம் நடந்தது. நான் தேடிக் கொடுத்த ஒரு காட்சியில், தொழிற்சாலை ஒன்றின் நிலத்தில் இருந்து ஒரு மனிதர் சோற்றுப் பார்சல் சாப்பிடுகிறார். படத்தின் பின்னணிக் குரல் அந்த நேரம் பார்த்து வறுமையைப் பற்றிப் பேசிற்று. அவருடைய மகள் தொலைபேசியில் என்னைப் பிடித்துக்கொண்டார். "எங்கட அப்பா அங்க ஃபோர்மன். அண்டைக்கு மிஷின் பழுதாப் போய், எழும்ப நேரமில்லாமல் நிலத்தில இருந்து சாப்பிட்டவர். அவரை ஏன் பிச்சைக்காரர் ஆக்கினனீங்கள்?" என்று கேட்டார். அதை வந்து உங்களிடம் சொன்னேன். நீங்கள் மறுநாளே ஒரு சீப்புக் கதலி வாழைப்பழத்தை வாங்கிக்கொண்டு, வாடி என்று என்னை பஸ்ஸில் ஏற்றி இரத்மலானைக்குக் கொண்டுபோனீர்கள். வழி முழுக்கப் பேச்சு. அந்த வீட்டில் மட்டும் ஒரு சொல் திட்டவில்லை, எனக்குப் பக்கத்தில் இருந்தீர்கள்.

அன்றிலிருந்து என் வேலைத்தாளில் ஒரு கட்டம் கூடிற்று. எந்தப் பெட்டி, எத்தனை செக்கன், யாருக்கு உரிமை, இவற்றுக்குப் பிறகு கடைசிக் கட்டம்: 'தெரிகிறவர்களைக் கேட்டாயிற்றா?' கேட்க ஆளில்லாவிட்டால் பிள்ளைகளைத் தேடுவேன். வீட்டுக்கே போய், கணினியைத் திறந்து காட்டிவிட்டுத்தான் அந்தக் கட்டத்தில் சரி போடுவேன். மற்ற ஆராய்ச்சியாளர்கள் என்னைக் கிண்டல் செய்வார்கள். வேலை இரண்டு மடங்கு பிந்தும். ஆனாலும் ஒரு தடவை கூட அதை மீறியதில்லை, இந்த மாசி மாதம் வரைக்கும்.

நிவேதா என்று ஒரு பிள்ளை. கொட்டாஞ்சேனையில் பிறந்து வளர்ந்தவள், தன் தெருக்களைப் பற்றி முதல் படம் எடுக்கிறாள். அறுபதுகளில் அங்கே எடுத்த காட்சிகள் வேண்டுமென்று என்னிடம் வந்தாள். வெளிநாட்டுக் களஞ்சியம் ஒன்றில் நாலைந்து துண்டுகள் இருப்பதாக அறிந்து, பார்வைக்கு அனுப்பச் சொன்னேன். குறுக்கே அவர்களின் பெயர் எழுதிய, சத்தமில்லாத மாதிரிப் பிரதிகள் வந்தன. மூன்றாவது துண்டு, மாதா கோயில் திருநாள். மாதாவின் சுருவத்தைத் தூக்கி வருகிறார்கள், சனம் நெருக்கியடித்துக்கொண்டு நிற்கிறது. இரண்டாவது வரிசையில், கைப்பையைக் கக்கத்துக்குள் இடுக்கிக்கொண்டு ஒரு பெண் சிரிக்கிறாள்.

அந்தக் கக்கத்தைத்தான் முதலில் அடையாளம் கண்டேன். பஸ்ஸிலும் சந்தையிலும் ஆஸ்பத்திரியிலும் கைப்பையை அப்படி இடுக்கி வைத்திருக்கிற ஆள் உலகத்தில் ஒருவர்தான். பிறகு முகத்தைப் பார்த்தேன். பார்த்துவிட்டுக் கதிரையை விட்டு எழும்பி, கறிவேப்பிலை மரத்துக்குப் பக்கத்தில் போய் நின்று அழுதேன்.

மொத்தம் ஆறு செக்கன். நீங்கள் சிரிக்கிறீர்கள். கமராவைக் காண்கிறீர்கள். சிரிப்பு நிற்கிறது, வலது கை எழும்பி உள்ளங்கை விரிகிறது, பாதிப் படம் மறைகிறது, முடிகிறது. களஞ்சியத்தின் பட்டியலில் இதற்கு ஒரு வரி எழுதியிருந்தார்கள்: 'அடையாளம் தெரியாத உள்ளூர்ப் பெண் கமராவைப் பார்த்துக் கையசைக்கிறாள்.'

நான் செய்த பிழையை இனிச் சொல்ல வேண்டும். அந்த ஆறு செக்கன் எனக்கு வேண்டும் போலிருந்தது, அம்மா. நிவேதாவுக்கு வேண்டும் என்பதற்காக அல்ல, எனக்கு. உங்களைப் பெரிய திரையில், பெரிய முகமாக, சிரித்தபடி பார்க்க வேண்டும் என்ற ஆசையில் எனக்குக் கை பரபரத்தது. அன்றைக்கே உரிம விண்ணப்பத்தை அனுப்பினேன். 'தெரிகிறவர்களைக் கேட்டாயிற்றா?' என்ற கட்டத்தில் சரி போட்டேன். நான் மகள்தானே, என்னை நானே கேட்டுக்கொண்டேன் என்று மனதைச் சமாளித்தேன். அது என் அம்மா என்று நிவேதாவிடமும் சொல்லவில்லை.

இரண்டு நாள் கழித்து அவள் எனக்குத் தொலைபேசி எடுத்தாள். "அக்கா, அந்தத் திருநாள் ஷொட் சரியான வடிவு. ஆனா கை வாற இடத்தில வெட்டிடுறன். கை வந்து ஃபிரேமைக் குழப்புது. சிரிப்பு மட்டும் காணும்."

அதற்குப் பிறகுதான் நான் கையைப் பார்த்தேன். அதுவரைக்கும் சிரிப்பைத்தானே திரும்பத் திரும்பப் பார்த்துக்கொண்டிருந்தேன். இது கையசைப்பா? கலியாண வீடுகளில் கமராக்காரனைக் கண்டு குசினிக்குள் ஓடிய ஆள் அல்லவா நீங்கள்? எடுக்க வேண்டாம் என்று வெளிப்படையாகச் சொல்கிறீர்கள், வெளிநாட்டில் ஒருவர் அதை வரவேற்பு என்று எழுதி வைத்திருக்கிறார், நான், உங்கள் மகள், அதன் மேல் சரி போட்டிருக்கிறேன். இத்தனை பேரின் சம்மதத்துக்காக அலைந்தவளுக்கு உங்களுடைய 'வேண்டாம்' கண்ணில் படவில்லை.

யாரிடம் போய்க் கேட்பது? உங்களை அந்த வயதில் தெரிந்த ஒரே ஆள் சித்திதான். கணினியை மடியில் வைத்துக்கொண்டு கொட்டாஞ்சேனைக்கு ஆட்டோ பிடித்தேன். பள்ளம் திட்டியில் எல்லாம் ஆட்டோக்காரன் பறந்துகொண்டு போனான். "மல்லி, ஹெமின், ஹெமின்" என்று, மெல்லப் போகச் சொல்லி, நானும் வழி முழுக்கச் சிங்களத்தில் கெஞ்சினேன். உங்களை விழுத்தி உடைத்துவிடுவானோ என்று எனக்குப் பயம்.

சித்தி நலமாக இருக்கிறார், முழங்கால்தான் கரைச்சல் கொடுக்கிறதாம். உங்கள் தங்கை என்பதால் வாய் மட்டும் குறையவில்லை. கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பக்கத்தில் இருந்தார். படத்தை ஓடவிட்டேன்.

"இது எங்கத்தையான்?"

"இங்கதான் சித்தி. திருநாள்."

"எடியேய், அக்கா" என்றார் சன்னமாக. அடுத்த கணமே, "நிப்பாட்டு. நிப்பாட்டு பிள்ளை" என்று சொல்லி, நான் தொடுமுன் தானே கணினியின் மூடியை அடித்துச் சாத்திவிட்டார். உங்கள் கை எழும்புகிற இடத்துக்குப் படம் இன்னும் வந்திருக்கவில்லை.

"அண்டைக்கு நானும் பக்கத்தில நிண்டனான்" என்றார்.

நீங்கள் ஒருநாளும் சொல்லாததை, அம்மா, உங்கள் தங்கை அன்றைக்குச் சொன்னார். சித்திக்குப் பதினேழு வயதில் நெருப்புக் காய்ச்சல் வந்தது எனக்குத் தெரியும். தலைமயிர் எல்லாம் கொட்டி, மிச்சத்தை வழித்துவிட்டார்கள் என்பது தெரியாது.

"அஞ்சு மாசம் நான் வாசலுக்கு வரேல்லை. கண்ணாடியை அக்காதான் ஒளிச்சு வச்சவ. பிறகு ஒருநாள் சொன்னவ, மாதா கோயில் திருநாளுக்குப் போவம், அங்க பொம்பிளையள் எல்லாரும் முக்காட்டோடைதான் நிப்பினம், உன்னை ஒருத்தரும் புதினமாப் பாக்காயினம் எண்டு. நாங்கள் சைவக்காரர், எங்களுக்கென்ன அங்க வேலை எண்டு அம்மா பேசினவ. அக்கா கேக்கேல்லை, கூட்டிக்கொண்டு போட்டா. நல்லாத்தான் இருந்தது. ஏதோ சொல்லிச் சிரிச்சுக்கொண்டு நிண்டனாங்கள். துறைமுகப் பக்கத்தால ஒரு காத்து வந்து என்ர முக்காடு விழுந்திட்டுது. அந்த நேரம் பாத்து அந்த வெள்ளைக்காரன் மிஷினை இஞ்சால திருப்பினவன்."

வீட்டுக்கு வந்து சித்தி ஒரே அழுகையாம். எங்கேயோ ஒரு நாட்டில் தன் மொட்டைத் தலையைப் போட்டுப் பார்த்துச் சிரிக்கப் போகிறார்கள் என்று. நீங்கள் சுவாமிப் படத்துக்கு முன்னால் நின்று சத்தியம் செய்தீர்களாம்: "நான் கையால மறைச்சுப்போட்டன். ஒண்டும் விழுந்திருக்காது."

"ஆறுதலுக்குச் சொல்லுறா எண்டு எனக்குத் தெரியும்" என்றார் சித்தி. "நான் நம்பேல்லை. அந்தப் படம் எங்கயோ இருக்கு, எண்டைக்கோ ஒருநாள் வரும் எண்டு இவ்வளவு காலமும் நினைச்சுக்கொண்டுதான் இருந்தனான். கடைசியில நீ கொண்டு வந்திருக்கிறாய்."

படத்தில நிக்கிற ஆக்களைக் கேட்டனீயோ என்று ஏன் என்னைத் துளைத்தெடுத்தீர்கள் என்று அந்த இடத்தில்தான் விளங்கிற்று. நான் வேலைக்குச் சேர்ந்த நாளில் இருந்து இதே பயம் உங்களுக்கும் இருந்ததா? இந்தத் துண்டு ஒருநாள் என் கையில் வந்து சேரும் என்று நினைத்தீர்களா? ஒரு தடவை சொல்லியிருக்கலாமே அம்மா.

"சித்தி, நான் இதை நூறு தரம் பாத்திட்டன். அதில நீங்கள் இல்லை" என்றேன்.

"நீ அக்காவைத்தானே பாத்திருப்பாய்."

அது உண்மை. உங்களுக்குப் பக்கத்தில் இன்னொரு ஆள் நிற்கிறாரா என்று கூட நான் கவனிக்கவில்லை. சித்தி எழும்பி உள்ளே போய் இஞ்சிப் பிளேன்ரீ ஊற்றிக்கொண்டு வந்தார். இரண்டு பேரும் குடித்தோம். குடித்து முடித்த கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, "சரி, போடு. மெல்லமாப் போடு" என்றார்.

படத்தை ஒவ்வொரு சட்டமாக, ஃபிரேம் ஃபிரேமாக நகர்த்தினேன். நீங்கள் சிரிக்கிறீர்கள். உங்களுக்கு இடப்பக்கத்தில் ஒரு தோள், ஒரு சேலைக் கரை, அதற்கு மேலே முன்வரிசை மனிதரின் தொப்பி. தொப்பி விலகுகிற அதே கணம் உங்கள் கை எழும்புகிறது. நேரே மேலே போகவில்லை அம்மா, உடம்புக்குக் குறுக்காகச் சரிந்து இடப்பக்கம் போகிறது. உங்கள் முகம் கடைசி வரைக்கும் திறந்தபடியேதான் இருக்கிறது. அதை நீங்கள் மறைக்கவே இல்லை. நூறு தடவை பார்த்த எனக்கு அது தட்டுப்படவில்லையே. கோல் ஃபேஸ் பக்கம் பஸ் திடீரென்று பிரேக் அடித்தால் என் நெஞ்சுக்குக் குறுக்கே வருமே, அதே கை.

உள்ளங்கை விரிந்துவிட்டது. அதற்குப் பின்னால் ஒன்றும் தெரியவில்லை. இன்னும் நகர்த்தினேன். ஒரே ஒரு சட்டத்தில், உங்கள் சுண்டுவிரலுக்கும் மோதிர விரலுக்கும் இடையில் சின்னதாக ஏதோ மினுங்கிற்று. சித்தி கண்ணாடியைக் கழற்றிவிட்டு, திரைக்குக் கிட்ட முகத்தைக் கொண்டுபோனார்.

"அது என்ர தோடு" என்றார்.

தன் காதைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். கடைசிச் சட்டம் வரை போனோம். தோட்டைத் தவிர வேறொன்றும் இல்லை.

"அக்கா பொய் சொல்லேல்லை" என்றார் சித்தி. "மறைச்சுத்தான் போட்டா. நான்தான் நம்பேல்லை. கடைசிவரைக்கும் அவவுக்கு நான் அதைச் சொல்லேல்லை."

இரண்டு பேரும் அழுதோம். யார் யாரைத் தேற்றினோம் என்று இப்போது நினைவில்லை. நான் செய்த வேலையையும் அப்போதே சொன்னேன், கேட்காமல் சரி போட்டதை. சித்தி மூக்கைத் துடைத்துக்கொண்டு, "அக்கா இருந்திருந்தா உனக்கு நல்ல பூசை விழுந்திருக்கும்" என்றார்.

"இனிச் சொல்லுங்கோ சித்தி. படத்தில போடலாமோ? வேண்டாமெண்டா இண்டைக்கே எழுதி நிப்பாட்டிப்போடுவன்."

"அக்காட்டைக் கேக்க ஏலாது. என்னட்டைக் கேட்டபடியாச் சொல்லுறன். போடச் சொல்லு. ஆனா அந்தக் கையை வெட்டக்கூடாது. கையை வெட்டினா அது அக்கா இல்லை."

வீட்டுக்கு வந்து விண்ணப்பத்தைத் திருப்பி எடுத்தேன். நிவேதாவைக் கூப்பிட்டு எல்லாவற்றையும் சொன்னேன், அது என் அம்மா என்பது உட்பட. அவளையும் மெல்ல மெல்லப் பார்க்க வைத்தேன். தோடு மினுங்குகிற இடத்தில் அவள் வாயைப் பொத்திக்கொண்டாள். "சொறி அக்கா. முழுசாப் போடுறன்" என்றாள். ஆறு செக்கனுக்கும் புதிதாக விண்ணப்பித்தேன். என் வேலைத்தாளின் கடைசிக் கட்டத்தில் இம்முறை பொய்யில்லை.

களஞ்சியத்துக்கும் ஒரு கடிதம் எழுதினேன். அந்தப் பெண் கையசைக்கவில்லை, அவளுக்கு ஒரு பெயர் இருக்கிறது என்று. அவர்கள் நல்ல மனிதர்கள், மன்னிப்புக் கேட்டுத் திருத்திவிட்டார்கள். இப்போது அந்த வரி இப்படி இருக்கிறது: 'செல்வராணி, தன் தங்கையைக் கமராவிலிருந்து மறைக்கிறார்.' தங்கையின் பெயரையும் கேட்டார்கள். சித்தி வேண்டாம் என்றுவிட்டார். "மறைச்சது மறைச்சபடி இருக்கட்டும்." இந்தக் கடிதம் அச்சில் வந்தால் எல்லாரும் வாசிப்பார்கள், எழுதலாமா என்றும் கேட்டேன். "தலைமயிர் எப்பவோ வளந்திட்டுது, எழுது" என்று சிரித்தார். ஆனாலும் அவர் பெயரை இங்கேயும் நான் எழுதவில்லை, கவனித்திருப்பீர்கள்.

இன்னுமொன்று. வீட்டுச் சுவருக்கு அந்தத் துண்டிலிருந்து ஒற்றைப் படம் ஒன்று தர முடியுமா என்று களஞ்சியத்திடம் கேட்டேன். அதற்கும் ஒரு படிவம் அனுப்பினார்கள். 'எங்கே பயன்படுத்தப்படும்' என்ற இடத்தில் சுவாமி அறை என்று எழுதினேன். 'எவ்வளவு காலத்துக்கு' என்ற இடத்தில் நான் இருக்கும் வரை என்று எழுதினேன். 'தெரிகிறவர்களைக் கேட்டாயிற்றா?' என்ற கட்டம் அவர்களுடைய படிவத்தில் இல்லை. அதனால்தான் இங்கே கேட்கிறேன். கள்ளிப் படத்தை இறக்கிவிட்டு, கையோடு நிற்கிற உங்களை மாட்டட்டுமா அம்மா? வேண்டாமென்றால் எப்படியாவது தெரியப்படுத்துங்கள். நீங்கள் சொல்லும் வரைக்கும் ஆணி அடிக்கமாட்டேன்.

நிவேதாவின் படத்தை முதலில் கொட்டாஞ்சேனையிலேயே காட்டப் போகிறார்கள். சித்தி தானும் வருவதாகச் சொல்லியிருக்கிறார், புதுச் சேலை கூட எடுத்தாயிற்று. இருட்டில் அவ்வளவு பெரிய திரையில் அந்த இடம் வரும்போது அவருக்கு என்ன தோன்றும் என்று எனக்குத் தெரியாது. நான் அவருக்குப் பக்கத்துக் கதிரையில் இருப்பேன். பார்க்க வேண்டாம் என்று அவர் ஒரு சின்ன அசைவு அசைந்தாலும், அவர் கண்ணுக்கு முன்னால் என் கை போகும். இது சத்தியம்.

பஸ்ஸில் உங்கள் கைக்கு இந்தப் பக்கம் இருந்து வந்த,
உங்கள் மூத்தவள்
சுகந்தி